அந்த ஒற்றைத் தாள் என்ன பாவம் செய்தது?

மான்செஸ்டரின் ஃபேக்டரி ரெக்கார்ட்ஸ் 1992 நவம்பரில் நொடித்துப்போன கதை ராக் இசை வரலாறு பேசுபவர்களுக்கு மனப்பாடம். லண்டன் ரெக்கார்ட்ஸ் என்ற பெரிய நிறுவனம் ஃபேக்டரியை விலைக்கு வாங்க முன்வருகிறது. ஜாய் டிவிஷன், அதன் தொடர்ச்சியான நியூ ஆர்டர் குழுக்களின் பழைய பதிவுகள்தான் அங்கே விலைபோகக்கூடிய சொத்து. அவற்றின் உரிமைப் பத்திரத்தைக் கேட்கிறார்கள். வெளியே வருவது ஒரு தாள். கலைஞர்களுக்கே எல்லாம் சொந்தம், கம்பெனிக்கு எதுவும் சொந்தமில்லை என்பது அதன் சாரம். நிறுவனர் டோனி வில்சன் தன் ரத்தத்தில் எழுதிய தாள் என்றும் சொல்வார்கள். வாங்க வந்தவர்கள் ஃபேக்டரியை விட்டுவிட்டு நியூ ஆர்டரோடு நேரடியாகப் பேசி முடித்துக்கொள்கிறார்கள். மைக்கேல் விண்டர்பாட்டம் இயக்கி 2002ல் வந்த '24 ஹவர் பார்ட்டி பீப்பிள்' படம் இந்தக் கதையை உலகம் முழுக்கக் கொண்டுசேர்த்தது. அதிலிருந்து ஒரு பாடமும் பிறந்து நிலைத்துவிட்டது. ஒப்பந்தம் எழுதாமல் நட்பை நம்பித் தொழில் செய்தால் இதுதான் கதி, லட்சியத்துக்கும் வியாபாரத்துக்கும் ஒத்துவராது, சுயாதீன லேபிள் நிலைக்க வேண்டுமானால் முதல் நாளே பதிவுகளின் உரிமையை எழுதி வாங்கிக்கொள்ள வேண்டும் என்பதே அந்தப் பாடம். இது தவறான பாடம். ஃபேக்டரியை மூழ்கடித்தது கட்டடங்களும் கடனும். அந்தத் தாள், அங்கே செய்யப்பட்ட காரியங்களிலேயே மிகத் தெளிவான காரியம்.

முதலில் அந்தத் தாளின் ஏற்பாட்டைப் பார்ப்போம். கிரானடா தொலைக்காட்சியில் முகம் தெரிந்தவராக இருந்த வில்சனும் நடிகர் ஆலன் எராஸ்மஸும் 1978ல் ஹல்ம் பகுதியின் ரஸ்ஸல் கிளப்பில் இசை இரவுகள் நடத்தத் தொடங்கினார்கள். சுவரொட்டி வடிவமைத்த பீட்டர் சாவில், ஒலிப்பதிவைக் கவனித்த மார்ட்டின் ஹானெட், ஜாய் டிவிஷனின் மேலாளர் ராப் கிரெட்டன் ஆகியோர் அடுத்தடுத்துக் கூட்டாளிகளானார்கள். 1979 ஜூனில் ஜாய் டிவிஷனின் 'அன்னோன் ப்ளெஷர்ஸ்' 10,000 பிரதிகளோடு வெளிவந்தது. செலவு போக மிஞ்சுவதில் பாதி குழுவுக்கு, பாதி லேபிளுக்கு. பதிவின் உரிமை குழுவுக்கு. விலகிப் போக நினைத்தால் போகலாம். இவ்வளவுதான் ஏற்பாடு. அந்நாளைய பெரிய நிறுவனங்களின் வழக்கம் வேறு. அவர்கள் ஒரு முன்பணம் தருவார்கள். விற்பனையில் குழுவுக்குச் சேர வேண்டிய சிறு சதவீதத்திலிருந்து அந்த முன்பணத்தையும் ஒலிப்பதிவுச் செலவையும், பெரும்பாலும் வீடியோ, சுற்றுப்பயணச் செலவுகளையும் கழித்துக்கொள்வார்கள். கடன் முழுதும் அடைந்த பிறகும் மூலப் பதிவான மாஸ்டர் டேப் கம்பெனிக்கே சொந்தம். சிகாகோவின் ஒலிப்பதிவாளர் ஸ்டீவ் ஆல்பினி 1993ல் 'தி பேஃப்ளர்' இதழில் இதற்கு ஒரு மாதிரிக் கணக்குப் போட்டுக் காட்டினார். இரண்டரை லட்சம் பிரதி விற்ற ஒரு குழு. எல்லாக் கழிவும் போக உறுப்பினர் ஒருவர் கையில் நிற்பது சுமார் 4,000 டாலர். நிறுவனத்துக்குச் சேர்வது சுமார் ஏழு லட்சம் டாலர். ஒழுங்காக எழுதிய ஒப்பந்தம் என்று நமக்குப் பரிந்துரைக்கப்படுவது இதைத்தான்.

பாதிக்குப் பாதி பங்கு கொடுத்ததால் ஃபேக்டரி ஏழையாகவில்லை. ஜாய் டிவிஷனும் நியூ ஆர்டரும் கொண்டுவந்த பணம் கொஞ்சமல்ல. அது போன இடங்களுக்கு முகவரி உண்டு. விட்வொர்த் தெரு மேற்கில் முன்பு படகுக் காட்சியகமாக இருந்த கட்டடத்தில், பென் கெல்லியின் வடிவமைப்பில், 1982 மே 21 அன்று ஹசியெண்டா என்ற நடனக் கூடம் திறக்கப்பட்டது. ஃபேக்டரியும் நியூ ஆர்டரும் சேர்ந்து போட்ட முதல் அது. தூண்களில் மஞ்சளும் கறுப்புமாக எச்சரிக்கைப் பட்டைகள், தொழிற்சாலையை நினைவூட்டும் உயரமான கூரை என்று பார்ப்பவர்களை அசத்திய இடம். ஆனால் தொடக்க ஆண்டுகளில் பல இரவுகள் கூட்டமில்லாமல் கிடந்தது. எண்பதுகளின் கடைசியில் ஆசிட் ஹவுஸ் என்ற நடன இசை அலை வந்து கூடம் நிரம்பி வழிந்தபோதும் கல்லா நிறையவில்லை. எக்ஸ்டசி மாத்திரை போட்டு ஆடியவர்கள் மது வாங்கவில்லை, தண்ணீர் குடித்தார்கள். இரவு விடுதியின் லாபமோ மது விற்பனையில் இருக்கிறது. பிறகு ரவுடிக் கும்பல்களின் துப்பாக்கிகள் வாசலுக்கு வந்தன, காவல் துறையின் நெருக்கடி வந்தது, 1991ல் சில மாதம் மூடியே கிடந்தது. நியூ ஆர்டரின் பேஸ் கிதார் கலைஞர் பீட்டர் ஹூக், ஒரு கிளப்பை எப்படி நடத்தக் கூடாது என்பதையே துணைத் தலைப்பாக வைத்து இதைப் பற்றி ஒரு முழுப் புத்தகம் எழுதியிருக்கிறார். இந்தப் பாதை தவறு என்று உள்ளேயிருந்தே ஒரு குரல் அன்றே எழுந்தது. பணத்தை ஒலிப்பதிவுக் கருவிகளில் போட வேண்டும், இரவு விடுதியில் அல்ல என்று வாதாடிய ஹானெட், 1982ல் ஃபேக்டரி மீது வழக்குத் தொடுத்து வெளியேறினார். ஃபேக்டரியின் ஒலியை உருவாக்கிய மனிதரை இழந்தது கட்டடத்துக்காக. இந்த இழப்பு ஏனோ பாடம் சொல்பவர்களின் பட்டியலில் இடம்பெறுவதே இல்லை.

அதோடு நிற்கவில்லை. 1989ல் ஓல்டம் தெருவில் 'டிரை' என்ற மதுக்கூடம். 1990ல் சார்லஸ் தெருவில், மறுபடியும் பென் கெல்லியின் வடிவமைப்பில், ஒரு புதிய தலைமை அலுவலகம். அதுவரை எராஸ்மஸின் பாலட்டைன் சாலை வீட்டிலிருந்தே நடந்துவந்த கம்பெனி அது. பிரிட்டனின் அடிப்படை வட்டி விகிதம் 1989 அக்டோபரில் 15 சதவீதத்தைத் தொட்டிருந்தது. அடுத்த ஆண்டே பொருளாதாரம் சரிந்து, கட்டடங்களின் மதிப்பும் கூடவே இறங்கியது. உச்ச விலையில் சொத்து, உச்ச வட்டியில் கடன். இப்படிச் சிக்கிய கம்பெனிகள் அந்த ஆண்டுகளில் பிரிட்டன் முழுக்க மூழ்கின. அவை பக்கம் பக்கமாக ஒப்பந்தம் எழுதி வைத்திருந்த கம்பெனிகள்தாம். ஃபேக்டரியின் வரவுப் பக்கமோ அப்போது வறண்டிருந்தது. நியூ ஆர்டரின் 'டெக்னிக்' ஆல்பம் 1989 ஜனவரியில் வந்தது. அடுத்த ஆல்பம் 1993 வரை வரவில்லை. ஹேப்பி மண்டேஸ் குழுவை பார்படோஸ் தீவுக்கு அனுப்பிப் பதிவு செய்த 'யெஸ் ப்ளீஸ்!' செலவைத் தின்று, 1992ல் வெளிவந்து, விற்காமல் கிடந்தது. இந்த வரவு செலவில் ஒப்பந்தத் தாள் எந்த வரியிலும் இல்லை.

நியூ ஆர்டரின் 'ப்ளூ மண்டே' உறையையும் பேசிவிட வேண்டும், ஏனென்றால் லட்சியம் வியாபாரத்தைக் கொன்றதற்கு முதல் சாட்சியாக நிறுத்தப்படுவது அதுதான். 1983ல் வந்த அந்த 12 அங்குலத் தட்டின் உறையை சாவில் கணினி ஃப்ளாப்பி டிஸ்கைப் போல வடிவமைத்தார். கறுப்பு அட்டை; அதில் துளைகள் வெட்டப்பட்டு உள்ளேயிருக்கும் வெள்ளி நிற உறை தெரியும்; முகப்பில் குழுவின் பெயரோ பாட்டின் பெயரோ இல்லை; வலது ஓரத்தில் கீழிறங்கும் வண்ணக் கட்டங்களே எழுத்துகளாகிப் பெயரைச் சொல்லும். துளை வெட்டும் செலவால் விற்ற ஒவ்வொரு பிரதிக்கும் நட்டம் என்பது கதை. எத்தனை பென்ஸ் என்பது சொல்பவரைப் பொறுத்து மாறுகிறது. பின்னாள் அச்சுகளில் துளைகள் இல்லை என்பது மட்டும் தட்டைக் கையில் எடுத்துப் பார்த்தாலே தெரியும். அந்தக் கதை முழு உண்மை என்றே வைத்துக்கொண்டாலும் அது உறைக்கு விலை வைக்காத குற்றம், உரிமையைக் கலைஞரிடம் விட்ட குற்றம் அல்ல. அதற்குப் பிறகு ஒன்பது ஆண்டுக்கு மேல் ஃபேக்டரி நடந்தது. 1990ல் நியூ ஆர்டரின் 'வேர்ல்ட் இன் மோஷன்' பாட்டு பிரிட்டனின் விற்பனைப் பட்டியலில் முதலிடத்தைப் பிடித்தது.

இனி லண்டன் ரெக்கார்ட்ஸ் வந்த நாளுக்குத் திரும்பலாம். அந்தத் தாளுக்குப் பதில் முறையான ஒப்பந்தம் இருந்திருந்தால் என்ன நடந்திருக்கும்? ஜாய் டிவிஷன், நியூ ஆர்டர் பதிவுகள் முழுக்க பாலிகிராம் குழுமத்தின் கிளையான லண்டன் ரெக்கார்ட்ஸ் கைக்குப் போயிருக்கும். கிடைத்த பணம் கட்டடங்களுக்காக வாங்கிய கடனுக்கு முதலில் போயிருக்கும். ஃபேக்டரி என்ற பெயர் ஒரு பன்னாட்டு நிறுவனத்தின் முத்திரையாகச் சில காலம் நீடித்திருக்கலாம். இதைப் பிழைத்தல் என்று சொல்ல முடியுமானால் பிழைத்திருக்கும். ஆனால் 1979ல் ஸ்டாக்போர்ட்டின் ஸ்ட்ராபெரி ஸ்டூடியோவில் 'அன்னோன் ப்ளெஷர்ஸ்' ஆல்பத்தைப் பதிவு செய்த இளைஞர்கள், தாங்கள் வாங்காத கடனுக்கு ஈடாகத் தங்கள் முழு உழைப்பையும் பறிகொடுத்திருப்பார்கள். அந்தத் தாள் அதைத் தடுத்தது. கம்பெனி முழுகும் நாளில் பாட்டு கூடவே முழுகாமல் இருப்பதற்காக எழுதப்பட்ட தாள், அந்த நாள் வந்தபோது சொன்னதைச் செய்தது. கலைஞர்களுக்கு வர வேண்டிய பாக்கிகள் போனது உண்மை. நியூ ஆர்டர் ஹசியெண்டாவில் இழந்ததும் பெருந்தொகை. அந்த இழப்புகள் கலைஞர்கள் எழுதிக் கொடுக்காததால் வந்தவை அல்ல. கிளப்பில் கூட்டாளிகளானதால் வந்தவை, கம்பெனி கணக்கை யாரும் உரியபடி பார்க்காததால் வந்தவை.

கணக்குப் பார்க்காத மனப்பான்மையும் ஒப்பந்தம் எழுதாத மனப்பான்மையும் ஒன்றுதானே என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. அதற்கு வாஷிங்டனில் பதில் இருக்கிறது. டீன் ஐடில்ஸ் என்ற பள்ளி வயதுக் குழு 1980ல் கலைந்தபோது, கச்சேரிகளில் சேர்த்த சுமார் 600 டாலர் அவர்களிடம் மிச்சமிருந்தது. பங்கு போட்டுக்கொள்வதற்குப் பதில் ஒரு ஏழு அங்குலத் தட்டு போட்டார்கள், 1,000 பிரதி. இயன் மெக்காய், ஜெஃப் நெல்சன், நேதன் ஸ்ட்ரெஜ்செக் ஆகிய மூவரும் அதற்காகத் தொடங்கிய லேபிள்தான் டிஸ்கார்ட். உறை எங்கே கிடைக்கும் என்று தெரியாததால், வீட்டிலிருந்த ஒரு தட்டின் உறையை ஒட்டுப் பிரித்து விரித்து, காகிதத்தில் அதன் ஓரங்களை வரைந்துகொண்டு, அதன்படி அச்சடித்த தாள்களைக் கத்தரியால் வெட்டி மடித்து ஒட்டினார்கள். அடுத்தடுத்த தட்டுகளுக்கும் நண்பர்கள் கூடி உட்கார்ந்து ஆயிரக்கணக்கில் இப்படியே மடித்தார்கள். ஒரு தட்டு விற்ற காசில் அடுத்த தட்டு. காசு திரும்பும்வரை அடுத்தது காத்திருக்கும். பொட்டோமாக் ஆற்றுக்கு அப்பால் ஆர்லிங்டனில் ஒரு சாதாரண வாடகை வீடு 1981ல் அவர்களுடைய தலைமையகமானது. ஒப்பந்தம் கிடையாது, வழக்கறிஞர் கிடையாது, செலவு போக வந்த லாபத்தில் பங்கு. ஃபேக்டரியின் அதே விதி. கணக்குப் புத்தகம் மட்டும் கறாரானது. தபால் செலவு சேர்த்து இன்ன விலை என்று தட்டின் உறையிலேயே அச்சடித்தார்கள், கடைக்காரர் ஏற்றி விற்காமல் இருக்க. மைனர் த்ரெட், ரைட்ஸ் ஆஃப் ஸ்ப்ரிங், ஃபுகாஸி என்று ராக் இசையின் போக்கையே திருப்பிய குழுக்கள் இந்த ஏற்பாட்டில் வந்தவை. 40 ஆண்டு கடந்தும் டிஸ்கார்ட் நடக்கிறது, பழைய தட்டுகளை அச்சில் வைத்திருக்கிறது. ஒரே விதியைக் கைக்கொண்ட இரு லேபிள்களில் ஒன்று நொடித்து, மற்றது நிலைத்தால், நொடிப்புக்குக் காரணத்தை அந்த விதிக்கு வெளியேதான் தேட வேண்டும்.

டிஸ்கார்ட் சிறியது, தன் ஊர்க் குழுக்களை மட்டும் வெளியிடுவது, அதனால் அது ஒரு விதிவிலக்கு என்று தள்ளிவிடுகிறார்கள். ஃபுகாஸியின் 'ரிப்பீட்டர்' லட்சக்கணக்கில் விற்ற ஆல்பம். அட்லாண்டிக் ரெக்கார்ட்ஸின் நிறுவனர் அஹ்மத் எர்டெகன் நேரில் வந்து அழைத்தும் அந்தக் குழு போகவில்லை. தடுக்க ஒரு காகிதமும் இல்லாமல்தான் அவர்கள் இருந்தார்கள். அவ்வளவு விற்பனை வந்த பிறகும் லேபிள் தன் செலவை ஊதிக்கொள்ளவில்லை. சிறியதாக இருந்தது விபத்தல்ல, ஆண்டுதோறும் எடுத்த முடிவு. சார்லஸ் தெருக் கட்டடத்துக்கு எதிரான முடிவு என்று அதைச் சொல்வேன்.

எழுதி வாங்கியவர்களின் கதையையும் அதே மான்செஸ்டரில், அதே ஆண்டுகளில் பார்க்க முடியும். ஸ்டோன் ரோசஸ் குழு சில்வர்டோன் லேபிளுடன் முறைப்படி கையெழுத்திட்டது. 1989ல் வந்த முதல் ஆல்பம் பெருவெற்றி. குழு விலக முயன்றது, லேபிள் தடையாணை வாங்கியது, வழக்கு நடந்தது. 1991 மே மாதம் லண்டன் நீதிமன்றம் அந்த ஒப்பந்தம் ஒருதலைப்பட்சமானது, தொழில் உரிமையை நியாயமின்றி முடக்குகிறது என்று சொல்லிக் குழுவை விடுவித்தது. அவர்கள் கெஃபன் நிறுவனத்துக்குப் போனார்கள்; இரண்டாவது ஆல்பம் 1994 டிசம்பரில்தான் வந்தது. ஒரு தலைமுறையின் நம்பிக்கையாக இருந்த குழுவின் நல்ல ஆண்டுகளில் பாதி வழக்கிலும் அலைச்சலிலும் கரைந்தது. காகிதத்தில் கட்டிவைக்கப்பட்ட குழு இரண்டு ஆண்டில் ஓடியது. எந்தக் கட்டும் இல்லாத நியூ ஆர்டர், ஜாய் டிவிஷன் நாள்களிலிருந்து கணக்கிட்டால் 14 ஆண்டு, கம்பெனி மூழ்கும்வரை ஃபேக்டரியிலேயே இருந்தது. எந்த ஏற்பாடு கலைஞரைத் தக்கவைத்தது என்பதை இந்த இரண்டையும் அருகருகே வைத்துப் பார்ப்பவர்கள் சொல்லட்டும்.

எதிர்த்தரப்பின் வலுவான சாட்சி சியாட்டிலின் சப் பாப். நிர்வாணாவின் முதல் ஆல்பமான 'ப்ளீச்' 606 டாலர் 17 சென்ட் ஒலிப்பதிவுச் செலவில் 1989ல் வந்தது. ஒப்பந்தம் வேண்டும் என்று கேட்டது குழுதான். கிறிஸ்ட் நோவோசெலிக் வற்புறுத்தி எழுதவைத்தார். 1991ல் சப் பாப் திவாலின் விளிம்பில் நின்றது. தங்களிடம் காசில்லை என்பதையே டி-சர்ட்டில் அச்சடித்து விற்ற நிலைமை. நிர்வாணா கெஃபனுக்குப் போனபோது, அந்த ஒப்பந்தம் இருந்ததால் ஒரு தொகையும் அடுத்த ஆல்பங்களின் விற்பனையில் ஒரு பங்கும் சப் பாப்புக்குக் கிடைத்தன. 'நெவர்மைண்ட்' வெடித்தது, லேபிள் பிழைத்தது. இதை நான் மறுக்கவில்லை. ஆனால் கவனியுங்கள்: அந்த ஒப்பந்தம் நிர்வாணாவைத் தக்கவைக்கவில்லை, விற்றுக் காசாக்க உதவியது. உலக விற்பனையில் எவரும் எதிர்பாராத இடத்துக்குப் போன ஒரே ஆல்பத்தின் தயவில் ஒரு லேபிள் தப்பியதை வைத்து மற்ற எல்லா லேபிள்களுக்கும் விதி எழுத முடியாது. 1995ல் சப் பாப்பின் 49 சதவீதத்தை வார்னர் வாங்கியது. அடுத்த ஆண்டே நிறுவனர்களில் ஒருவரான புரூஸ் பேவிட் விலகிவிட்டார். காகிதம் காப்பாற்றிய லேபிளின் பாதி, சில ஆண்டுகளில் காகிதத்தின் வழியாகவே பெரிய நிறுவனத்துக்குப் போனது.

இதைவிடக் கடினமான வழக்கு ஒன்று இருக்கிறது, அதை மறைத்துவிட்டு வாதத்தை முடிப்பது நேர்மையாகாது. சிகாகோவின் டச் அண்ட் கோ லேபிளை நடத்திய கோரி ரஸ்க், பாதிக்குப் பாதி லாபம் என்று வாய்வார்த்தையில் பேசி பட்ஹோல் சர்ஃபர்ஸ் குழுவின் பதிவுகளை வெளியிட்டுவந்தார். குழு பின்னாளில் பெரிய நிறுவனத்துக்குப் போனபின், தொண்ணூறுகளின் நடுவில் அந்தப் பங்கை மாற்றக் கேட்டது. ரஸ்க் மறுத்தார். 1999ல் மேல்முறையீட்டு நீதிமன்றம், கால வரையறை இல்லாத உரிமத்தைக் குழு விரும்பியபோது முடித்துக்கொள்ளலாம் என்று தீர்ப்பளித்தது. பதிவுகள் குழுவிடம் போயின. பணத்தையும் உழைப்பையும் போட்டு அந்தக் குழுவை வளர்த்தவருக்கு இது பெரிய அடி, அதில் அநியாயமும் உண்டு. வாய்வார்த்தை மட்டும் போதும் என்று சொல்பவர்கள் இந்தத் தீர்ப்பைப் படிக்க வேண்டும். இருந்தும் இந்த வழக்கு நிரூபிப்பது என்ன? எத்தனை ஆண்டுக்கு வெளியிடலாம், பிரியும்போது கையிருப்புத் தட்டுகளை என்ன செய்வது என்ற இரண்டொரு வரிகளை எழுதி வைத்திருக்க வேண்டும் என்பதை நிரூபிக்கிறது. மாஸ்டர் உரிமையை எழுதி வாங்க வேண்டும் என்பதை நிரூபிக்கவில்லை. ஃபேக்டரியிடம் ஒரு தாளாவது இருந்தது, அதில் யாருக்கு எது சொந்தம் என்பது சந்தேகமில்லாமல் இருந்தது. டச் அண்ட் கோ அந்த வழக்கால் சாகவும் இல்லை. பத்து ஆண்டு கழித்து, 2009ல், குறுவட்டு விற்பனையும் பொருளாதாரமும் சேர்ந்து சரிந்த வேளையில், பிற சிறு லேபிள்களுக்குச் செய்துவந்த தயாரிப்பு, விநியோக வேலையை நிறுத்தித் தன்னைச் சுருக்கிக்கொண்டது. பழைய பதிவுகளோடு இன்னமும் இருக்கிறது.

விலகிப் போகும் உரிமையைத் தருவது லேபிளுக்கு இழப்பு என்பதும் எப்போதும் சரியல்ல. டிஸ்கார்டிலிருந்து ஜாபாக்ஸ் குழு அட்லாண்டிக் நிறுவனத்துக்குப் போய் 1994ல் ஒரு ஆல்பம் வெளியிட்டது. டிஸ்கார்ட் தடுக்கவும் இல்லை, ஈட்டுத்தொகை கேட்கவும் இல்லை. அட்லாண்டிக்கில் அந்தக் குழு நிலைக்கவில்லை. 2009ல் அதே ஆல்பம் மறுவெளியீடு கண்டபோது, குழுவினரின் சொந்த லேபிளான டிசோட்டோவோடு சேர்ந்து அதை வெளியிட்டது டிஸ்கார்ட்.

ஃபேக்டரியின் வீழ்ச்சியை எடுத்துக்காட்டி, பாட்டின் உரிமையை எழுதிக் கொடுக்கச் சொல்லும் ஆள் எந்த ஊரிலும் இளம் குழுக்களைத் தேடி வருவார். உங்கள் கம்பெனி யாருக்கு எவ்வளவு கடன்பட்டிருக்கிறது, எங்கள் கணக்கை ஆண்டுக்கு எத்தனை முறை காட்டுவீர்கள் என்று அவரிடம் கேளுங்கள். எத்தனை ஆண்டு, எவ்வளவு பங்கு, பிரிவது எப்படி என்பதை ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். உரிமையை மட்டும் எழுதிக் கொடுக்காதீர்கள்.